ஒரு வரிகூட இல்லாத வைல்ட்

அன்புள்ள ஐயா,

இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிட்ச் எடுத்த 'லேடி விண்டர்மியர்ஸ் ஃபேன்' (1925) ஊமைப்படத்தைப் பாராட்டிப் போன மாதம் எழுதியிருந்தீர்கள். தேடிப் பார்த்தேன். ஆஸ்கர் வைல்டின் அந்த நாடகம் கல்லூரியில் எனக்குப் பாடம். 'சபலம் ஒன்றைத் தவிர எதையும் என்னால் சமாளிக்க முடியும்' என்பது போன்ற வரிகளை அடிக்கோடிட்டுப் படித்தவன் நான். படத்தில் அப்படி ஒன்றுகூட இல்லை. நடுநடுவே எழுத்து அட்டை காட்டத்தானே செய்கிறார்கள், அதிலாவது போட்டிருக்கலாமே? வைல்டிடமிருந்து வசனத்தைப் பிடுங்கிவிட்டால் மிச்சம் என்ன இருக்கிறது?

ஒரு வாசகர், திருநெல்வேலி

அன்புள்ள நண்பருக்கு,

அட்டையில் போட்டிருக்கலாம்தான். ஆனால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். நடிகர் வாயசைப்பார், படம் நின்று அட்டை வரும், நாம் படித்து முடிப்போம், மறுபடி அவர் முகம் வரும். சாப்பாட்டுக்கு நடுவே எழுந்து கடைக்குப் போய் உப்பு வாங்கி வருகிற மாதிரி. வைல்டின் வரி மேடையில் எடுபடுவதே அடுத்த ஆள் இமைப்பதற்குள் இன்னொன்று வந்து விழுவதால்தான். பராசக்தி வசனத்தை மனப்பாடமாகச் சொல்லி வளர்ந்த நமக்கு நாடகம் என்றாலே வசனம். அதனால் உங்கள் ஏமாற்றம் எனக்குப் புரிகிறது.

மிச்சம் என்ன என்று கேட்டீர்கள். கதை இருக்கிறது, அதுவும் சாதாரணக் கதை இல்லை. கைக்குழந்தையை விட்டுவிட்டுக் காதலனோடு போன மிஸஸ் எர்லின், இருபது வருடம் கழித்து லண்டனுக்குத் திரும்புகிறாள். மகள் லேடி விண்டர்மியருக்கோ அம்மா செத்துவிட்டாள் என்று நினைப்பு. மருமகன் விண்டர்மியர் ரகசியமாக எர்லினுக்குப் பணம் கொடுக்கிறான். மகள் அதைத் தப்பாகப் புரிந்துகொள்கிறாள்.

1892 பிப்ரவரியில் லண்டன் செயின்ட் ஜேம்ஸ் தியேட்டரில் நாடகம் அரங்கேறியபோது, எர்லின்தான் அம்மா என்பதை வைல்ட் கடைசி அங்கம் வரை மறைத்து வைத்திருந்தார். கம்பெனியை நடத்திய ஜார்ஜ் அலெக்சாண்டர் அது சரிவராது, முன்னாலேயே சொல்லிவிடலாம் என்று சொல்லிக்கொண்டே இருந்தார். சில நாளிலேயே வைல்ட் இறங்கி வந்தார். லூபிட்ச் இன்னும் ஒரு படி போய், படம் ஆரம்பித்த கொஞ்ச நேரத்திலேயே உடைத்துவிடுகிறார். அப்புறம் நமக்குத் தெரியும், மகளுக்குத் தெரியாது. இந்த ஒன்றை வைத்துக்கொண்டே மிச்சப் படத்தை ஓட்டுகிறார்.

இப்போது ரேஸ் காட்சிக்கு வாருங்கள். நாடகத்தில் இது கிடையாது. எர்லின் வந்து உட்கார்கிறாள். குதிரையைப் பார்க்கக் கொண்டுவந்த பைனாகுலர்கள் ஒவ்வொன்றாக அவள் பக்கம் திரும்புகின்றன. வம்பு பேசும் சீமாட்டிகளில் ஒருத்தி அவள் தலையில் நரை இருக்கிறதா என்று பைனாகுலரில் தேடுகிறாள்! பின்னால், எர்லின் எழுந்து போகும்போது, அவள்மேல் ஆசை கொண்ட அகஸ்டஸ் பிரபு தூரத்தில் தொடர்கிறார். அவர் நெருங்க நெருங்க, திரையின் ஓரத்திலிருந்து கறுப்பு நகர்ந்து வந்து படத்தையே குறுக்கி மூடுகிறது. அவர் அவளை எட்டிப் பிடித்தாரா, பிடித்து என்ன சொன்னார் என்பதை நாமே நினைத்துக்கொள்ள வேண்டியதுதான். வைல்ட் இதற்கு நாலு வரி எழுதியிருப்பார், நாலும் பிரமாதமாக இருந்திருக்கும். எனக்கு இதுவே போதும்.

எனக்குப் பிடித்தது தோட்டம். விருந்தன்று இரவு, செடிவேலிக்கு அந்தப் பக்கம் எர்லின் ஓர் ஆணோடு நிற்பதை மகள் பார்க்கிறாள். அவன் முகத்தைச் செடி மறைக்கிறது, கை மட்டும் தெரிகிறது. புருஷன்தான் என்று முடிவு கட்டி உள்ளே ஓடுகிறாள். அப்புறம் கேமரா அந்தப் பக்கம் போகிறது. நிற்பவர் அகஸ்டஸ். நாடகத்தில் ஆளுக்கு ஆள் பேசிப் பேசி வளர்க்கிற சந்தேகத்தை இங்கே ஒரு வேலிச் செடி முடித்துவிடுகிறது.

ஓர் இடத்தில் உங்கள் கட்சிதான் நான். மகளைக் காதலிக்கும் டார்லிங்டன் பிரபுவின் வீட்டில் ஆண்கள் கூடி அரட்டை அடிக்கும் மூன்றாம் அங்கம் மேடையில் அமர்க்களம். அனுபவம் என்பது அவரவர் தப்புக்கு வைத்துக்கொள்ளும் பெயர் என்ற வரியெல்லாம் அங்கேதான் வரும். படத்தில், அங்கே வந்த மகள் விட்டுப்போன விசிறி சோபாவில் கிடப்பதைக் கண்டுபிடிப்பதோடு சரி. டார்லிங்டனாக நடித்த ரொனால்ட் கோல்மன் அழகாக இருக்கிறார், அவ்வளவுதான். விண்டர்மியராக வரும் பெர்ட் லைடெல் அதுவும் இல்லை. படத்தைத் தாங்குவது எர்லினாக வரும் ஐரின் ரிச்.

எந்தப் பிரதியில் பார்த்தீர்கள் என்று எழுதவில்லையே. நான் முதலில் பார்த்தது வேகம் தப்பிய ஒன்று. அகஸ்டஸ் கோழி மாதிரி குடுகுடுவென்று ஓடினார், ஒரு பார்வையும் நிற்கவில்லை, எனக்கும் அன்று படம் பிடிக்கவில்லை. சரியான வேகத்தில் ஓடுவது கிடைத்தால், ரேஸ் காட்சியை மட்டுமாவது இன்னொரு தடவை பாருங்கள்.