பூண்டு வெண்ணெய்: செய்த அன்றே ஃப்ரீசருக்குள்

கார்லிக் பிரெட்டுக்கான பூண்டு வெண்ணெயை முன்கூட்டியே செய்து ஃப்ரீசரில் போட்டு வைக்கலாம், வெளியில் வைப்பது மட்டும் ஆபத்து என்று சொன்னதிலிருந்து கேள்விகள் வந்தபடி இருக்கின்றன. பெரம்பூரில் வீட்டிலிருந்தே பேக்கிங் ஆர்டர் எடுக்கிறேன். வாரக் கடைசியில் கார்லிக் பிரெட் கேட்பவர்கள்தான் அதிகம், அதனால் இந்த வேலை கைக்குப் பழகிவிட்டது. ஒரே மாதிரிக் கேள்விகளைச் சேர்த்துவிட்டேன்.

ஓட்டேரியிலிருந்து ஒரு தம்பி: அளவை முதலில் சொல்லுங்க அக்கா. ஒரு வீடியோவில் நாலு பல், இன்னொன்றில் முழுப் பூண்டு. எது சரி?

பல் கணக்கே வேண்டாம் தம்பி. மலைப்பூண்டில் பல் பெரிதாக இருக்கும், சின்ன நாட்டுப்பூண்டில் இரண்டு மூன்று சேர்ந்தால்தான் அதற்கு ஈடாகும். எடை போட்டுக்கொள்ளுங்கள். 100 கிராம் வெண்ணெய்க்கு, தோல் உரித்த பூண்டு 15 கிராம். காரசாரமாக வேண்டுமென்றால் 20 வரை போகலாம். பொடியாக நறுக்கிய கொத்தமல்லி ஒரு பெரிய ஸ்பூன். சால்ட் பட்டர் என்றால் உப்பைத் தொடவே வேண்டாம். உப்பில்லாத வெண்ணெய் என்றால் கால் டீஸ்பூன். கொஞ்சம் மிளகுத்தூள் போட்டால் நன்றாக இருக்கும், போடாவிட்டாலும் குறையில்லை.

ஒரு துண்டு பிரெட்டுக்கு ஒரு டீஸ்பூன், அதாவது சுமார் 5 கிராம் தடவினால் போதும். இந்த அளவில் செய்தால் இருபது துண்டுக்கு மேலேயே வரும்.

வியாசர்பாடியிலிருந்து: பச்சைப் பூண்டா, வதக்கின பூண்டா? பச்சையாகப் போட்டு வைத்தேன், பத்து நாளில் கசந்துவிட்டது.

வதக்கியதுதான். பூண்டை நசுக்கியதும் அதில் இருக்கும் அலினேஸ் என்ற நொதி வேலையை ஆரம்பிக்கிறது, அல்லிசின் உண்டாகிறது. அந்தக் காரமும் நெடியும் அதனுடையவை. மிக்ஸியில் விழுதாக அரைத்தால் இது இன்னும் அதிகம், அதனால்தான் அரைத்த பூண்டு நாக்கைப் பிடிக்கிறது. அன்றே சாப்பிடுவதற்குப் பச்சைப் பூண்டு பரவாயில்லை. ஃப்ரீசரில் வாரக்கணக்கில் கிடக்கப் போகிறது என்றால் லேசாக வதக்கிவிட்டால் சுவை நிலைக்கும்.

நான் செய்வது இப்படி. பூண்டைக் கத்தியால் பொடியாக நறுக்குவேன், அல்லது சின்ன உரலில் ஒரு சிட்டிகை உப்போடு ஒன்றிரண்டாக இடிப்பேன். எடுத்து வைத்த வெண்ணெயில் ஒரு ஸ்பூனை மட்டும் சின்ன வாணலியில் போட்டு, அடுப்பை எவ்வளவு குறைக்க முடியுமோ அவ்வளவு குறைத்துப் பூண்டைச் சேர்ப்பேன். ஓரத்தில் நுரை கட்டி, பச்சை வாசம் போய், பூண்டு கண்ணாடி போல ஆகும். அந்த நொடியில் இறக்கிவிட வேண்டும். ஓரம் பழுப்பாகும் வரை காத்திருந்தால் அப்புறம் பிரெட்டைச் சுடும்போது அது கருகிக் கசக்கும். இறக்கியது முழுதும் ஆறிய பிறகே மீதி வெண்ணெயில் கலக்கலாம். சூடாகக் கொட்டினால் வெண்ணெய் உருகிவிடும்.

புளியந்தோப்பிலிருந்து: வெண்ணெயை உருக்கிக் கலந்தால் வேலை சுலபம்தானே?

உருக்கினால் பால் திடப்பொருளும் தண்ணீரும் பிரிந்து அடியில் போய்விடும். மறுபடி உறைந்தாலும் பழைய குழைவு வராது, மணல் மணலாக இருக்கும். உருக்காமல் வெளியில் வைத்து இளக விட்டால் போதும். விரலால் அழுத்தினால் பள்ளம் விழவேண்டும், பளபளப்பு வரக்கூடாது. நம்ம ஊர் மே மாதத்தில் இதற்குப் பத்து நிமிடமே அதிகம். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்து, துண்டுகளாக வெட்டி, பூண்டு உரித்து முடிப்பதற்குள் பதம் வந்துவிடும்.

கொளத்தூரிலிருந்து ஒரு அண்ணன்: எங்க அம்மா பூண்டு ஊறுகாயை வருஷம் முழுக்க வெளியில் வைக்கிறாங்க, ஒண்ணும் ஆகலை. பூண்டு வெண்ணெய்க்கு மட்டும் ஏன் இவ்வளவு பயமுறுத்துறீங்க?

நல்ல கேள்வி அண்ணா. ஊறுகாயில் புளி, எலுமிச்சை, வினிகர் என்று ஏதோ ஒரு புளிப்பு இருக்கிறது, உப்பும் நிறைய. புளிப்பை அளக்கும் பி.எச். எண் 4.6-க்குக் கீழே இருந்தால் (எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம்) போட்டுலிசம் என்ற கடுமையான உணவு நஞ்சு நோயை உண்டாக்கும் கிருமி வளராது. பூண்டு வெண்ணெயில் அந்தப் புளிப்பு இல்லை.

பூண்டு மண்ணுக்குள் விளைவது. மண்ணில் க்ளாஸ்ட்ரிடியம் போட்டுலினம் என்ற கிருமியின் வித்துகள் சாதாரணமாகவே இருக்கும். காற்றுப் படும் இடத்தில் அவை சும்மா கிடக்கும். எண்ணெயோ வெண்ணெயோ பூண்டைச் சுற்றி மூடிவிட்டால் காற்று போய்விடுகிறது. புளிப்பும் இல்லை, அறையில் வெக்கையும் இருக்கிறது என்றால் அவை முளைத்து நஞ்சை உண்டாக்க முடியும். வாசனையிலோ ருசியிலோ அது தெரியாமல் போகலாம். முகர்ந்து பார்த்துத் தேறும் என்று முடிவு செய்கிற நம்ம வழக்கம் இங்கே உதவாது. கனடாவின் வான்கூவரில் 1985-ல் எண்ணெயில் போட்ட நறுக்கிய பூண்டினால் பலர் இப்படிப் பாதிக்கப்பட்டார்கள். அதை ஃப்ரிட்ஜில் வைக்காமல் வெளியில் வைத்திருந்ததுதான் காரணம். பார்வை மங்குவது, கண் இமை தொங்குவது, நாக்குக் குழறுவது, விழுங்க முடியாமல் போவது இதன் அறிகுறிகள். வந்தால் உடனே மருத்துவமனை.

"வதக்கித்தானே போடுகிறேன்" என்று அடுத்து கேட்பீர்கள். வித்துகள் 100 டிகிரியில் கொதித்தாலும் சாகாது. அவற்றை அழிக்க 121 டிகிரி வரை அழுத்தத்தில் சூடாக்க வேண்டும், வாணலியில் அது நடக்காது. வதக்குவது ருசிக்காக மட்டும்.

ஆகவே வெளியில் வைக்கவே கூடாது. ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் நாலு நாள், அதற்கு மேல் இல்லை. மீதி எல்லாம் செய்த அன்றே ஃப்ரீசருக்குள் போகவேண்டும். உறைந்த நிலையில் அந்தக் கிருமி வளராது. இந்த ஒரு விஷயத்தில் மட்டும் நான் யாருக்கும் விட்டுக்கொடுப்பதில்லை. மற்றதெல்லாம் உங்கள் கைப்பக்குவம்.

அயனாவரத்திலிருந்து: நெய்யில் செய்தால் இந்தத் தொல்லை இல்லையா?

அதே தொல்லைதான். நெய் தனியாகக் கெடாது, பூண்டைப் போட்டதும் கதை மாறிவிடும். தவிர நெய் பிரெட்டுக்குள் ஓடிவிடும், மேலே நிற்காது.

தண்டையார்பேட்டையிலிருந்து: ஃப்ரீசரில் மொத்தமாக டப்பாவில் வைத்தேன். எடுத்தால் கல். கத்தி வளைந்ததுதான் மிச்சம்.

மொத்தமாக வைக்கக் கூடாது மா. கலந்ததும் கிண்ணத்தோடு கால் மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்துக் கொஞ்சம் இறுக விடுங்கள். நம்ம வெக்கையில் இதைச் செய்யாவிட்டால் உருட்டவே வராது. அப்புறம் பட்டர் பேப்பரில் நீளவாக்கில் வைத்து, பேப்பரோடு உருட்டி, இரண்டு முனையையும் மிட்டாய் சுற்றுகிற மாதிரி முறுக்குங்கள். ஃப்ரீசரில் ஒரு மணி நேரம் போல இருந்தால் கத்திக்கு இணங்குகிற பதத்தில் இருக்கும். அப்போதே அரை இன்ச் வில்லைகளாக வெட்டிவிடுங்கள். வில்லைகளை ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பரப்பி இரவு முழுக்க உறைய வைத்து, மறுநாள் ஜிப் கவரில் கொட்டி, காற்றை அழுத்தி வெளியேற்றி மூடினால் வேண்டியபோது இரண்டு, மூன்று என்று எடுக்கலாம். கவர் மேல் தேதியை எழுதுங்கள்.

இன்னொன்று, கொத்தமல்லியைக் கழுவி ஈரத்தோடு போடாதீர்கள். துணியில் ஒற்றி, ஃபேனுக்கு அடியில் உலர்த்தியே நறுக்கவேண்டும். அந்த ஈரம் ஐஸ் துகளாகி, தோசைக்கல்லில் பட்டதும் படபடவென்று தெறிக்கும்.

ராயபுரத்திலிருந்து: காசிமேட்டில் ஞாயிற்றுக்கிழமை வாங்குகிற வஞ்சிரமும் இறாலும் அதே ஃப்ரீசரில்தான். வெண்ணெயில் மீன் வாடை ஏறுமா?

தாராளமாக ஏறும். வெண்ணெய் பக்கத்தில் இருக்கிற வாசனையை எல்லாம் வாங்கிக்கொள்ளும். ஜிப் கவரை எவர்சில்வர் டப்பாவுக்குள் போட்டு இறுக மூடுங்கள். மீனையும் டப்பாவில் வையுங்கள். கடைக்காரர் கட்டிக்கொடுத்த கவரோடு அப்படியே தள்ளுவதுதான் எல்லா வீட்டிலும் நடக்கிறது.

எம்.கே.பி. நகரிலிருந்து: எவ்வளவு நாள் தாங்கும்? எங்களுடையது பழைய ஒற்றைக் கதவு ஃப்ரிட்ஜ்.

தனி ஃப்ரீசர் கதவுள்ள ஃப்ரிட்ஜில், மைனஸ் 18 டிகிரி இருந்தால் இரண்டு மூன்று மாதம் ருசி குறையாது. ஒற்றைக் கதவில் மேலே இருக்கும் ஐஸ் பெட்டி அவ்வளவு குளிர்வதில்லை, கதவைத் திறந்து மூடும்போதெல்லாம் ஏறி இறங்கும். அதில் மூன்று வாரம் என்று வைத்துக்கொள்ளுங்கள். வில்லை கல்லு மாதிரி இல்லாமல் விரலுக்குக் குழைந்தால் அந்தப் பெட்டி இந்த வேலைக்கு ஆகாது, நாலு நாள் கணக்குக்கே வந்துவிடுங்கள்.

அவரே: மழைக்காலத்தில் கரன்ட் போனால்?

2023 டிசம்பர் மிக்ஜாம் புயலில் நம்ம பக்கம் பட்ட பாடு மறக்குமா! ஃப்ரீசர் நிறைய சாமான் இருந்து, கதவைத் திறக்காமல் வைத்தால் 48 மணி நேரம் வரை குளிர் நிற்கும். பாதிதான் நிறைந்திருந்தால் 24. இது நல்ல ஃப்ரீசருக்கான கணக்கு, ஐஸ் பெட்டிக்கு இல்லை. ஊருக்குப் போகும்போது ஒரு கிண்ணத்தில் தண்ணீரை உறைய வைத்து அதன் மேல் ஒரு ரூபாய் நாணயத்தை வைத்துவிட்டுப் போங்கள். திரும்பி வந்து பார்க்கும்போது நாணயம் உள்ளே இறங்கியிருந்தால் எல்லாம் ஒருமுறை உருகி மறுபடி உறைந்திருக்கிறது என்று அர்த்தம். பூண்டு வெண்ணெயை யோசிக்காமல் எறிந்துவிடுங்கள். வில்லையில் இன்னும் ஐஸ் தட்டுப்பட்டால் மட்டும் திரும்ப உறைய வைக்கலாம்.

மூலக்கடையிலிருந்து: பிரெட்டில் தடவியே ஃப்ரீசரில் வைக்கலாமா? எந்த பிரெட்?

வைக்கலாம், காலை நேர அவசரத்துக்கு அதுதான் தோது. பாக்கெட் சாண்ட்விச் பிரெட் மெல்லிசு, தொய்ந்துவிடும். தெரு பேக்கரியில் முழு லோஃபாக வாங்குங்கள், மெஷினில் போட வேண்டாம் என்று சொல்லி முக்கால் இன்ச் தடிமனாக வீட்டில் வெட்டுங்கள். அன்று சுட்டது கத்திக்குப் பிய்யும், முந்தின நாளுடையது கச்சிதம். இனிப்பு அதிகமான மில்க் பிரெட்டில் பூண்டு ஒட்டாது என்பது என் அபிப்பிராயம், வீட்டுப் பிள்ளைகள் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். பாவ் பன்னும் நன்றாக வரும்.

தடவிய துண்டுகளைத் தட்டில் பரப்பி உறைய வைத்து, அப்புறம் நடுநடுவே பட்டர் பேப்பர் வைத்து அடுக்கி, கவரில் போடுங்கள். ஒரு மாதத்துக்குள் முடித்துவிடுங்கள், அதற்குமேல் பிரெட் வறண்டுபோகும்.

வண்ணாரப்பேட்டையிலிருந்து: வீட்டில் ஓவன் இல்லை. தோசைக்கல்லில் முடியுமா?

முடியும், எனக்கு அதுதான் இன்னும் பிடிக்கும். உருக விடாமல் ஃப்ரீசரிலிருந்து நேராகக் கல்லுக்கு. கல்லைச் சூடாக்கி, தீயைக் குறைத்து, வெண்ணெய்ப் பக்கம் மேலே இருக்கும்படி வைத்து மூடி போடுங்கள். மூன்று நாலு நிமிடத்தில் வெண்ணெய் உருகி உள்ளே இறங்கியிருக்கும். மூடியை எடுக்கும்போது சாய்க்காமல் நேராகத் தூக்குங்கள், உள்பக்கம் கோத்திருக்கும் நீர்த்துளி பிரெட்டில் விழுந்தால் அந்த இடம் சொதசொதவென்று ஆகும். துளியைத் துடைத்துவிட்டு, பிரெட்டைத் திருப்பிப் போட்டு, மூடாமல் ஒரு நிமிடம். ஓரம் பொன்னிறமானதும் எடுங்கள்.

ஓ.டி.ஜி. (மேஜை மேல் வைக்கும் சின்ன மின்சார ஓவன்) இருப்பவர்கள் 200 டிகிரியில் முன்கூட்டியே சூடாக்கி எட்டு முதல் பத்து நிமிடம் வைக்கலாம். மைக்ரோவேவ் வேண்டாம், ரப்பராகிவிடும்.

திருவொற்றியூரிலிருந்து: பையன் பிறந்தநாளுக்கு 60 துண்டு வேண்டும்.

வெண்ணெய் 250 கிராம், உரித்த பூண்டு 40 கிராம், கொத்தமல்லி ஒரு கைப்பிடி. சுமார் 300 கிராம் வரும், சரியாக இருக்கும். மூன்று நாள் முன்பே தடவி உறைய வைத்துவிட்டு, அன்றைக்கு கேக் வேலையைப் பாருங்கள்.

மாதவரத்திலிருந்து: கடையில் விற்கும் இஞ்சி பூண்டு விழுது?

வேண்டாம் மா. இஞ்சியும் புளிப்பும் சேர்ந்து பிரெட்டில் குருமா வாசனை வரும். அவசரம் என்றால் பூண்டுப் பொடி, 100 கிராமுக்கு முக்கால் டீஸ்பூன்.

சௌகார்பேட்டையிலிருந்து: எங்கள் வீட்டில் பூண்டு சேர்ப்பதில்லை. வேறு ஏதாவது?

பச்சை மிளகாய் விதை எடுத்து நறுக்கியது, கொத்தமல்லி, மிளகு, ஒரு சிட்டிகை பெருங்காயத்தூள். பெருங்காயத்தைத் துளி வெண்ணெயில் பொரித்துச் சேருங்கள். உருட்டி, வெட்டி, உறைய வைப்பதெல்லாம் மேலே சொன்னபடியேதான்.

எண்ணூரிலிருந்து: பிரெட் தீர்ந்து வில்லைகள் மிச்சம் இருந்தால்?

வேகவைத்த மக்காச்சோளத்தில் தடவலாம், உருளைக்கிழங்கு வறுவலில் கடைசியில் போடலாம். எண்ணூர்க்காரர்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை, இறால்தான் இதற்கு வாகு. இறாலை உப்பு, மிளகோடு வறுத்து, சுருண்டதும் அடுப்பை அணைத்துவிட்டு இரண்டு வில்லை போட்டுப் புரட்டுங்கள். முதலிலேயே போட்டால் பூண்டு கருகிவிடும்.