வாசகர் கேள்விகள்: இம்பால் சாலையோரம் நின்ற தளபதி

கேள்வி: சென்ற இதழில் பிரிட்டிஷ் ஃபீல்ட் மார்ஷல் வில்லியம் ஸ்லிம்மைப் ‘பெரிய தளபதி’ என்று எழுதியிருந்தீர்கள். இரண்டாம் உலகப் போரில், 1942இல் ஜப்பானியரிடம் பர்மாவைப் பறிகொடுத்துப் பின்வாங்கி வந்தவர்தானே அவர்?
(தேவகோட்டை வாசகர்)

பதில்: ஆமாம் ஐயா, பின்வாங்கி வந்தவர்தான். எனக்கு அவர்மேல் மதிப்பு வந்ததே அந்தப் பின்வாங்கலைப் படித்தபோதுதான்.

1942 மார்ச்சில் பர்மா கோர் படையின் பொறுப்பு அவர் கைக்கு வரும்போதே ரங்கூன் விழுந்துவிட்டது. ஜப்பானியருக்குக் கிடைக்கக்கூடாது என்று யெனாங்யாவுங் எண்ணெய் வயல்களைத் தாங்களே அழித்துவிட்டு, ஏறக்குறைய 1,450 கிலோமீட்டர் நடந்து, மே மாத மழையில் அந்தப் படை மணிப்பூருக்கு வந்து சேர்ந்தது. ரங்கூனில் ஒரு மரக்கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்த என் தாத்தாவும் அந்த வருடம், அந்தப் படை வந்த அதே தமு என்ற எல்லையூர் வழியாகத்தான் நடந்து வந்தார். அவரோடு வந்த பித்தளைச் சொம்பு இன்னும் என் வீட்டில் இருக்கிறது. ஆகவே இந்த விஷயத்தில் என்னால் ஒதுங்கி நின்று பேச முடியாது.

இம்பால் போகும் சாலையோரம் ஒரு மேட்டில் நின்று, கடைசியாக வந்த பின்காவல் படை நடந்து போவதை ஸ்லிம் பார்த்தார். கந்தல் துணி, எலும்பும் தோலுமான உடம்பு. ஆனாலும் ஆயுதத்தைக் கீழே போடாமல், வரிசை கலையாமல் வந்தார்கள். 1956இல் வெளியான நினைவு நூலில் அவர்களைப் பெருமையாக எழுதியவர், தன் தலைமையைப் பற்றிப் பெருமைப்பட அதிகம் இல்லை என்று சொல்லிவிட்டார். 1944இல் இம்பாலுக்குப் படைகளைப் பின்னிழுக்கும் நேரத்தைத் தப்பாகக் கணித்ததையும், கோஹிமாவுக்கு எவ்வளவு பெரிய எதிரிப்படை வரும் என்பதைக் குறைத்து எடைபோட்டதையும் அதில் ஒளிக்கவில்லை. ஜெயித்த தளபதி இதையெல்லாம் எழுத வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்தவில்லை.

அப்புறம் அந்த மலேரியா விஷயம். 1943இல் அவருடைய படையில் காயம்பட்டு வெளியேறிய ஒருவருக்கு, நோயால் வெளியேறியவர்கள் 120 பேர். மலேரியாவைத் தடுக்க மெபக்ரின் மாத்திரை இருந்தது; ஆண்மை போய்விடும் என்ற வதந்தியால் சிப்பாய்கள் அதை விழுங்கவில்லை. ஸ்லிம் முன்னறிவிப்பு இல்லாமல் ரத்தப் பரிசோதனை நடத்தினார். ஒரு பிரிவில் 95 சதவீதத்துக்குக் குறைவானவர்களே மாத்திரை சாப்பிட்டிருந்தால், அதன் கட்டளை அதிகாரியின் பதவி போய்விடும். மூன்று பேரை அப்படி நீக்கியதும் மற்றவர்களுக்குப் புரிந்துவிட்டது. தினமும் ஆயிரத்துக்கு 12 பேர் நோயில் விழுந்துகொண்டிருந்த படையில், 1945இல் அது ஒருவராகக் குறைந்தது. முன்னணியில் அரை ரேஷன் என்றால் தன் தலைமையகத்துக்கும் அரை ரேஷன்தான் என்று வைத்திருந்தார். விமானத்திலிருந்து உணவு இறக்கப் பாராசூட் போதாதபோது, கல்கத்தா சணலில் செய்யச் சொன்னார். சாதாரணப் பாராசூட்டின் விலை 20 பவுண்டுக்கு மேல். சணல் பாராசூட் ஒரு பவுண்டுக்குச் சற்றே அதிகம். அப்படித் தேற்றி எடுத்த படைதான் 1945 மார்ச்சில் மெய்க்டிலாவையும் மாண்டலேயையும் பிடித்தது. மே மாதம் ரங்கூனை நெருங்கியது; நகரைப் பிடித்தது கடல் வழியாக வந்திறங்கிய இன்னொரு படை.

கேள்வி: நேதாஜியின் படையை எதிர்த்தவரைப் பாராட்டுவது உங்களுக்கு உறுத்தவில்லையா?
(திருச்சி வாசகி)

பதில்: உறுத்துகிறது அம்மா. ஸ்லிம் பேரரசின் ஊழியர், அதில் சந்தேகமே இல்லை. 1944இல் இம்பால் மலைகளுக்கு ஜப்பானியரோடு இந்திய தேசிய ராணுவமும் வந்தது. மலேயா ரப்பர் தோட்டங்களிலிருந்து நேதாஜியின் அழைப்பை நம்பிச் சேர்ந்த தமிழர்கள் அந்த ராணுவத்தில் நிறையப் பேர். அவர்களை ஒரு சொல்லும் குறைத்துப் பேச மாட்டேன். எதிரே ஸ்லிம்மின் 14ஆவது ராணுவத்திலும் பெரும்பான்மை இந்தியர்கள்தான்; மதராஸ் சாப்பர்ஸ் என்ற பொறியாளர் பிரிவில் நம் ஆட்களும் இருந்தார்கள். ஆனால் ஒன்றைப் பாருங்கள். ஜப்பானியத் தளபதி முடகுச்சி ஏறக்குறைய மூன்று வாரச் சாப்பாட்டோடு தன் படையை மலையேற்றினார். இம்பாலைப் பிடித்து அங்குள்ள கிடங்குகளில் சாப்பிட்டுக்கொள்ளலாம் என்பது திட்டம். இம்பால் விழவில்லை. திரும்பும் வழியில் ஆயிரக்கணக்கானோர் பசியாலும் நோயாலும் செத்தார்கள். இந்திய தேசிய ராணுவத்தினரும் அதே பசியைத்தான் பட்டார்கள். யாருக்காகப் போரிட்டார் என்பதில் நான் ஸ்லிம் பக்கம் இல்லை. சிப்பாயின் வயிற்றைக் கணக்கில் வைத்தாரா என்று கேட்டால், வைத்தார்.

கேள்வி: அவர் பிரபுக் குடும்பத்தவரா?
(சேலம் வாசகர்)

பதில்: இல்லை. 1891இல் பிரிஸ்டலில் பிறந்தார். இரும்புச் சாமான் வியாபாரியான அப்பாவுக்குத் தொழில் நொடித்துப்போனது. மகன் பர்மிங்ஹாமில் ஆரம்பப் பள்ளி வாத்தியாராகவும், பிறகு குழாய்க் கம்பெனி குமாஸ்தாவாகவும் இருந்தார். முதல் உலகப் போர் வந்துதான் அதிகாரி ஆனார். கல்லிப்போலியில் ஒரு காயம், மெசொபொடேமியாவில் இன்னொன்று. பிறகு கூர்க்கா படையில் சேர்ந்தார். வருமானம் போதாமல், தன் பெயரின் ஆங்கில எழுத்துகளைத் திருப்பிப் போட்டு ‘மில்ஸ்’ என்ற பெயரில் பத்திரிகைகளுக்குக் கதை எழுதினார். 1948இல் பிரிட்டிஷ் ராணுவத்தின் தலைமைப் பதவி, 1953 முதல் 1960 வரை ஆஸ்திரேலியாவில் கவர்னர் ஜெனரல். சிப்பாய்களுக்கு மட்டும் கடைசிவரை அவர் ‘அங்கிள் பில்’தான். 1970 டிசம்பரில் இறந்தார். லண்டன் வைட்ஹாலில் அவருக்குச் சிலை வைத்தது 1990இல். அதற்குள் அந்தச் சிப்பாய்களில் பலர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள்.