கதவு திறப்பதற்கு முன் ஒரு மணி நேரம்

அன்புள்ள தம்பிக்கு,

லண்டனுக்குக் குடிவந்து ஐந்து மாதமே ஆகிறது என்றும், செப்டம்பர் கடைசியில் அம்மா வந்து இரண்டு மாதம் தங்கப்போகிறார் என்றும், அவரையும் எட்டு வயது மகளையும் நான்கு வயது மகனையும் சவுத் கென்சிங்டனில் உள்ள இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்துக்கு அழைத்துச் செல்ல எண்ணியிருப்பதாகவும் எழுதியிருந்தீர்கள். நுழைவுக் கட்டணமே இல்லாத இடத்தில், காலையில் பொதுமக்களுக்குக் கதவு திறப்பதற்கு முன் வழிகாட்டியோடு சுற்றிப் பார்ப்பதற்கு மட்டும் தலைக்கு இவ்வளவு என்று பணம் கேட்கிறார்களே, அது வீண் செலவில்லையா என்பது உங்கள் கேள்வி. நான் இந்த ஊருக்கு வந்து பத்தொன்பது ஆண்டுகள் ஆகின்றன. அந்தக் கட்டடத்துக்குள் எத்தனை முறை போயிருப்பேன் என்பதற்குக் கணக்கில்லை, ஆனால் காலைச் சுற்றில் போனது இரண்டே முறைதான். அந்த அனுபவத்தில் சொல்கிறேன்: அம்மாவுக்கும் மகளுக்கும், அவர்களோடு உங்கள் இருவரில் ஒருவருக்கும் சீட்டு வாங்குங்கள், மகனுக்கு வேண்டாம்.

எதற்குப் பணம் கொடுக்கிறோம் என்பதை முதலில் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். 2001ஆம் ஆண்டு இறுதியிலிருந்து அங்கே நிரந்தரக் காட்சிக்கூடங்களைப் பார்க்கக் கட்டணம் கிடையாது. காலை 10 மணிக்குத் திறந்து மாலை 5.50 வரை வைத்திருக்கிறார்கள். ஆகவே எலும்புக்கூடுகளைக் காண்பதற்காக யாரும் பணம் செலவழிக்கத் தேவையில்லை. நீங்கள் வாங்குவது அந்த இடத்தின் அமைதியையும், கேட்கும் கேள்விக்கு நின்று பதில் சொல்லும் ஒரு மனிதரின் நேரத்தையும்தான். பள்ளி விடுமுறை நாளில் பகல் பன்னிரண்டு மணிக்கு அந்த நடுக்கூடத்தில் நின்று பாருங்கள், எவ்வளவுதான் தலையை நிமிர்த்தினாலும் கவனம் முழுவதும் பிள்ளையின் கையைப் பிடித்திருப்பதிலேயே போய்விடும். அமைதிக்கு ஏன் விலை வைக்கிறார்கள் என்பது அங்கே ஐந்து நிமிடம் நின்றாலே விளங்கும்.

என் மாமியார் வந்திருந்தபோது நாங்கள் போன காலைச் சுற்றைப் பற்றிச் சொல்கிறேன். பன்னிரண்டு, பதின்மூன்று பேர் இருந்திருப்போம். ஹின்ட்ஸ் கூடம் என்று அழைக்கப்படும் அந்த நடுக்கூடத்தில் எங்களைத் தவிர, தொலைவில் தரை துடைக்கும் இயந்திரத்தைத் தள்ளிக்கொண்டிருந்த ஒருவர் மட்டுமே இருந்தார். அந்த இயந்திரத்தின் ரீங்காரம் நின்றதும் எங்கள் காலணிச் சத்தமே எங்களுக்குப் பெரிதாகக் கேட்டது. தலைக்கு மேலே 25.2 மீட்டர் நீளமுள்ள நீலத் திமிங்கிலத்தின் எலும்புக்கூடு, வாயைத் திறந்தபடி, வாசலை நோக்கிப் பாய்ந்து இறங்குவதுபோலத் தொங்கிக்கொண்டிருந்தது. அதை அங்கே தொங்கவிட்டது 2017ஆம் ஆண்டில். அதற்கு முன் 1979 முதல் அந்தக் கூடத்தில் நின்றது 'டிப்பி' என்று ஊரே செல்லமாக அழைத்த டைனோசர். அது உண்மையான எலும்பு அல்ல, ஆண்ட்ரூ கார்னகி என்ற அமெரிக்கச் செல்வந்தர் கொடுத்து 1905இல் இங்கே வைக்கப்பட்ட சுதை வார்ப்பு. திமிங்கிலமோ உண்மை எலும்பு. இந்த வேறுபாட்டை நினைவில் வைத்துக்கொண்டு, எந்த எலும்புக்கூட்டின் முன் நின்றாலும் இது அசலா, வார்ப்பா என்று வழிகாட்டியிடம் கேளுங்கள். பகலில் விளக்கப் பலகையை முட்டி மோதித்தான் படிக்க வேண்டியிருக்கும் இந்தச் செய்தி, காலையில் ஒரு வார்த்தையில் கிடைத்துவிடும்.

என் மாமியார் கேட்டது வேறு கேள்வி. "இது தானாகச் செத்ததா, இல்லை கொன்றார்களா என்று கேள்" என்றார். எனக்குச் சிறிது கூச்சமாக இருந்தது, நேரத்தை வீணாக்குகிறோமோ என்ற தயக்கம். ஆனாலும் மொழிபெயர்த்துக் கேட்டேன். வழிகாட்டிப் பெண்மணி, அன்று காலை கேட்கப்பட்ட கேள்விகளிலேயே இதுதான் பதில் சொல்லத் தகுந்தது என்பதுபோல, அவர் பக்கம் திரும்பி நின்று நிறுத்தி நிறுத்திச் சொன்னார். 1891ஆம் ஆண்டில் அயர்லாந்தின் வெக்ஸ்ஃபோர்டு கரையருகே மணல்திட்டில் அது சிக்கிக்கொண்டது. சிக்கியதைக் கரையில் இருந்தவர்கள் கொன்றார்கள். பிறகு எலும்புக்கூட்டை அருங்காட்சியகம் விலைக்கு வாங்கியது. நீலத் திமிங்கிலங்களை வேட்டையாடுவதற்கு உலக அளவில் தடை விதிக்கும் முடிவு இதே லண்டனில் 1966இல் எடுக்கப்பட்டது என்பதால்தான் இதற்கு 'ஹோப்', அதாவது நம்பிக்கை, என்று பெயர் வைத்திருக்கிறார்கள். மாமியார் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "கொன்றவர்கள் வீட்டிலேயே மாட்டி வைத்துக்கொண்டு நம்பிக்கை என்கிறார்களாக்கும்" என்றார். அதை நான் மொழிபெயர்க்கவில்லை. அதன்பின் அவர் பதினைந்து நிமிடத்துக்கு ஒரு கேள்வி கேட்டுக்கொண்டே இருந்தார். உங்கள் அம்மாவும் கேட்பார், கூச்சப்பட்டு அடக்கிவிடாதீர்கள். நம் உச்சரிப்பைக் குறித்த தயக்கம் வந்த புதிதில் எல்லோருக்கும் இருப்பதுதான், ஆனால் இப்படிப்பட்ட சிறு குழுவில் வழிகாட்டிக்குக் கேள்வி வராமல் இருப்பதுதான் சங்கடம்.

முதல் மாடத்துக்கு ஏறியதும் திமிங்கிலம் பக்கவாட்டில் தெரியும். அங்கே என் மகள் (அப்போது அவளுக்கு ஒன்பது வயது) தன் கையை விரித்துத் துடுப்பின் எலும்புகளுக்கு நேராகப் பிடித்து எண்ணத் தொடங்கினாள். தோளெலும்பு, மேற்கை, முன்கை, மணிக்கட்டு என்று வரிசையாக நம் கையைப் போலவே இருக்கிறது, ஆனால் விரல்கள் நான்குதான். ஒன்று உடைந்துவிட்டதா என்று கேட்டாள். உடையவில்லை, நீலத் திமிங்கிலத்தின் வகையைச் சேர்ந்தவற்றுக்கு விரல் நான்குதான், நிலத்தில் நடந்த மூதாதைக்கு இருந்த ஒன்று காலப்போக்கில் மறைந்துவிட்டது என்றார் வழிகாட்டி. பரிணாமத்தைப் பற்றி நான் வீட்டில் நடத்திய பாடங்களில் ஒன்றுகூட இந்த அளவு ஏறவில்லை என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

திமிங்கிலத்தைவிடவும் அந்தக் காலை நேரம் எனக்குக் காட்டிக்கொடுத்தது கட்டடத்தைத்தான். 1881இல் திறக்கப்பட்ட இதை வடிவமைத்த கட்டடக் கலைஞர் ஆல்ஃபிரட் வாட்டர்ஹவுஸ். உள்ளும் புறமும் சுடுமண் ஓடுகளால் போர்த்தினார். லண்டனின் நிலக்கரிப் புகையில் சுண்ணாம்புக்கல் அரித்துப்போகும், சுடுமண் தாங்கும், கழுவினால் நிறம் திரும்பும். சுவரெங்கும் விலங்குகள். பெரிய வாசலைப் பார்த்து நின்றால் இடப்பக்கம், அதாவது மேற்குச் சிறகில், இன்று உயிரோடு இருக்கும் இனங்கள். வலப்பக்கம், கிழக்குச் சிறகில், அழிந்துபோனவை. இந்தப் பிரிவினையை வற்புறுத்தியவர் ரிச்சர்ட் ஓவன்; 'டைனோசர்' என்ற சொல்லை 1842இல் படைத்தவரும் அவர்தான், இந்த அருங்காட்சியகம் தனிக் கட்டடமாக எழுவதற்கு ஓயாமல் போராடியவரும் அவர்தான். டார்வினின் பரிணாமக் கருத்தை அவர் ஏற்கவில்லை. இப்போது நடுக்கூடத்துப் படிக்கட்டின் உச்சியில் யார் அமர்ந்திருக்கிறார் என்று பாருங்கள்: வெள்ளைப் பளிங்கில் டார்வின். 1885இல் அங்கே வைக்கப்பட்ட அந்தச் சிலையை 1927இல் அகற்றி ஓவனை நிறுத்தினார்கள். டார்வின் பிறந்து 200 ஆண்டு நிறைவதையொட்டி மீண்டும் டார்வினைக் கொண்டுவந்து வைத்தார்கள். இருவருமே காலமான பிறகும் இந்த இடமாற்றம் நடந்துகொண்டிருந்தது எனக்கு வேடிக்கையாகவே இருக்கிறது.

வழிகாட்டி ஒரு கைவிளக்கை மேலே அடித்தபோதுதான் வளைவுகளில் ஏறிக்கொண்டிருக்கும் சுடுமண் குரங்குகளைக் கண்டேன். அதற்கு முன் அந்த வளைவுகளின் கீழே எத்தனையோ முறை நடந்திருக்கிறேன். கூரையிலோ 162 ஓவியச் சட்டங்கள், அவற்றில் செடிகள், கூடவே பொன்பூச்சு. பருத்தியும் புகையிலையும் அங்கே ஏன் இடம்பெற்றன என்று கேட்டால் பேரரசின் வணிகம் வரைக்கும் பேச்சு நீளும். அதை அம்மாவுக்கே விட்டுவிடலாம்.

சரி, மகனுக்கு ஏன் வேண்டாம் என்கிறேன்? நான்கு வயதுப் பிள்ளை ஒரே இடத்தில் நின்று பேச்சைக் கேட்காது; மற்றவர்கள் முகம் சுளிக்காவிட்டாலும், அவன் அலைவதிலேயே உங்கள் கண் இருக்கும். மேலும், அவனுக்கு வேண்டியது டைனோசர் கூடம். காலைச் சுற்றின் வழியில் அது இருக்கிறதா என்று முன்பதிவுப் பக்கத்தில் பார்த்த பிறகுதான் அவனிடம் எதையும் வாக்குக் கொடுக்க வேண்டும். அந்தக் கூடத்தில் அசைந்து உறுமும் டி. ரெக்ஸ் பொம்மை ஒன்று உண்டு, நம் வீட்டுச் சிறியவன் அதைக் கண்டு என் சேலைக்குள் ஒளிந்துகொண்டான் என்பதையும் சொல்லிவைக்கிறேன். உங்களில் ஒருவர் அவனை அழைத்துக்கொண்டு 10 மணிக்கு வந்து சேர்ந்துகொள்வதே நல்லது. இதைப் படிப்பவர்களில் யாருடைய பிள்ளைக்காவது ஆட்டிசம் போன்ற காரணங்களால் கூட்டமும் இரைச்சலும் ஒவ்வாது என்றால், 'டானோசார்ஸ்' என்ற பெயரில் அருங்காட்சியகமே சில நாள்களில் திறப்பு நேரத்துக்கு முன் கட்டணமின்றி அனுமதிக்கிறது, முன்பதிவு அவசியம்.

இனி, நான் ஏமாந்த கதை. என் முதல் முயற்சியில், ஒரு முகவர் நிறுவனத்தின் வழியாக 'முன்கூட்டிய நுழைவு' என்று போட்டிருந்த சீட்டை வாங்கினேன். காலையில் போய் நின்றால், வழிகாட்டி எங்களைச் சந்தித்ததே 10 மணிக்குக் கதவருகில். கூட்டத்தோடு கூட்டமாக, ஆனால் வரிசையில் சற்று முன்னால், உள்ளே போனோம். சீட்டின் அடியில் சிறிய எழுத்தில் எல்லாம் எழுதியிருந்தது, படிக்காதது என் தவறுதான். ஆகவே சுற்று எத்தனை மணிக்குத் தொடங்குகிறது, அது பொதுமக்களுக்குத் திறப்பதற்கு முன்பா, நடத்துவது அருங்காட்சியகமா வெளியாரா, எந்த வாசலில் வரச் சொல்கிறார்கள் என்ற நான்கையும் பார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள். வாசல் முக்கியம். குரோம்வெல் சாலையில் ஒன்றும் எக்சிபிஷன் சாலையில் ஒன்றுமாக இருக்கின்றன, ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு அம்மாவை வேகமாக நடத்திக் கொண்டுபோவது இயலாத காரியம். சுற்று உங்களுக்காகக் காத்திருக்காது.

அம்மாவுக்கு முழங்கால் வலி என்று எழுதியிருந்தீர்கள். சவுத் கென்சிங்டன் நிலையத்தில் படிக்கட்டு மிகுதி. அங்கிருந்து அருங்காட்சியகம் வரை 1885இல் கட்டிய சுரங்க நடைபாதை இருந்தாலும், அதை அடைவதற்குள் அவர் களைத்துவிடுவார். பேருந்தில் வாருங்கள். வார இறுதியில் ரயில் பாதைப் பராமரிப்பு வேலை நடப்பது இங்கே வழக்கம் என்பதால், முந்தைய நாள் இரவே போக்குவரத்து அறிவிப்பைப் பார்த்துவிடுங்கள். படியேறாமல் உள்ளே போக எக்சிபிஷன் சாலை வாசல் வசதியானது; காலைச் சுற்று வேறு வாசலில் தொடங்குவதாக இருந்தால், அம்மாவின் நிலையைச் சொல்லி முன்கூட்டியே மின்னஞ்சல் அனுப்புங்கள். மடக்கு நாற்காலி கிடைக்குமா என்றும் அதிலேயே கேட்டுவிடலாம்.

சுற்று முடிந்து கதவு திறக்கும்போது, மகனை அழைத்து வருபவர் நேராக டைனோசர் கூடத்துக்குப் போய்விட வேண்டும், பதினொரு மணிக்கெல்லாம் அங்கே வரிசை வளைந்துவிடும். அம்மாவும் மகளும் அந்த நேரத்தில் மேல் மாடத்தில் இருக்கும் ராட்சத செக்கோயா மரத்தின் குறுக்குவெட்டைப் பார்க்கட்டும்: 1,300 ஆண்டுக்கு மேல் வாழ்ந்த மரம், வளையங்களின் மேல் ஆண்டுகளைக் குறித்திருக்கிறார்கள். அருகிலிருந்து கீழே பார்த்தால் காலியாக இருந்த கூடம் நிரம்புவது முழுவதும் தெரியும். அக்டோபர் கடைசி வாரத்தில் பெரும்பாலான பள்ளிகளுக்கு விடுமுறை, அந்த வாரத்தைத் தவிர்த்து, அம்மா வந்த முதல் பத்து நாளுக்குப் பிறகு ஒரு வேலை நாளாகப் பார்த்து, மகளின் பள்ளியில் அனுமதி கிடைக்காது என்றால் சனிக்கிழமைச் சீட்டையாவது இப்போதே பதிவு செய்துவிடுங்கள். சனிக்கிழமைச் சீட்டுகள்தான் முதலில் தீரும்.