யாருடைய கடிகாரத்தில் கதை சொல்கிறீர்கள்?

கேள்வி: ஐந்து உலகங்கள் வாசல்களால் இணைந்திருக்கும் ஒரு மாயக்கதை எழுதி வருகிறேன். ஒவ்வொரு உலகத்திலும் காலம் வேறு வேகம். நான்காம் உலகத்தில் நடந்த போரால் காலம் குலைந்துபோய், சில ஊர்களில் தேங்கி நிற்கிறது, சில ஊர்களில் பின்னோக்கி ஓடுகிறது. சென்னையிலிருந்து அங்கே போகும் மீனா திரும்பி வரும்போது தன் தங்கையைவிட இளையவளாக இருக்கிறாள். படித்துப் பார்த்த தோழிகள் எல்லோரும் "தலை சுத்துது" என்கிறார்கள். காலம் ஏன் குலைந்தது என்று அறிவியல் விளக்கமாக ஒரு அத்தியாயம் சேர்த்தால் சரியாகுமா? (பெயர் வேண்டாம், பெரம்பூர்)

பதில்: ஆகாது. அந்த அத்தியாயத்தை எழுதியாகிவிட்டது என்றால் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள், கதையில் சேர்க்காதீர்கள். ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களில் இருக்கும் கடிகாரம் தரையில் இருப்பதைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோ வினாடி முந்துகிறது. அதைத் திருத்திக்கொள்வதால்தான் ஆட்டோக்காரர் உங்கள் தெருவுக்கு வழி தப்பாமல் வருகிறார். ஏன் முந்துகிறது என்று அவரும் கேட்டதில்லை, நீங்களும் கேட்டதில்லை. வாசகருக்குக் காரணம் தெரியாதது குறையே இல்லை. இந்த வரியில் எந்தக் கடிகாரம் ஓடுகிறது என்று தெரியாததுதான் குறை.

நம் ஊரிலேயே இதற்குச் சான்று உண்டு. நுங்கம்பாக்கம் வானிலை ஆய்வு மையம் இருக்கும் வளாகத்தில்தான் பழைய மெட்ராஸ் வானாய்வகம் இருந்தது. கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் 14 வினாடி முன்னால் இருந்த மெட்ராஸ் நேரம் அங்கே கணித்ததுதான். 1906இல் இந்தியப் பொது நேரம் வருவதற்கு முன்னால், ரயில்கள் அந்த மெட்ராஸ் நேரத்தில் ஓடின. பம்பாய்க்காரருக்கு ஊர்க் கடிகாரம் பத்து காட்டும்போது ரயில் கடிகாரம் பத்தரை காட்டும். சனங்கள் முணுமுணுத்திருப்பார்கள், ஆனால் சமாளித்தார்கள். வண்டி எந்த நேரப்படி புறப்படும் என்பதில் சந்தேகம் இல்லையே! நீங்களும் ஒரு நேரத்தைப் பிடித்துக்கொள்ளுங்கள். பெரம்பூரில் தங்கை இருக்கும் வீட்டு நேரம் என்று வைத்துக்கொண்டால் நல்லது. மற்ற நான்கு உலகங்களும் எப்படி வேண்டுமானாலும் தறிகெட்டு ஓடட்டும், அந்த வீட்டுக் காலண்டர் மட்டும் ஒரு தாள்கூடப் பிசகக் கூடாது.

வேக வித்தியாசத்தையும் வாசகர் விரல் விட்டு எண்ணும்படி வையுங்கள். உங்கள் கடிதத்தில் இரண்டாம் உலகத்துக்கு 17.4 மடங்கு என்று எழுதியிருக்கிறீர்கள். யார் பெருக்கிப் பார்ப்பார்கள்? 60 மடங்கு என்று மாற்றிப் பாருங்கள். அங்கே ஒரு நாழிகை, இங்கே ஒரு நாள். அங்கே ஓர் ஆண்டு, இங்கே பிரபவ முதல் அட்சய வரை அறுபது தமிழ் ஆண்டுகளின் ஒரு முழுச் சுற்று. 1987 சித்திரையில் மீனா வாசலைத் தாண்டுகிறாள், ஓர் ஆண்டு தங்கிவிட்டு வருகிறாள். வந்ததும் கண்ணில் படும் கல்யாணப் பத்திரிகையில் "நிகழும் மங்களகரமான பிரபவ ஆண்டு சித்திரைத் திங்கள்" என்று இருக்கிறது. அப்பாடா, போன நாளிலேயே திரும்பிவிட்டோம் என்று நிம்மதியாக மூச்சு விடுகிறாள். அது 2047. இப்படி ஒரு கண்ணி நம் ஆண்டுக் கணக்கிலேயே கிடக்கும்போது தசமப் புள்ளி எதற்கு?

பழைய கதைகளை மறுபடி புரட்டுங்கள். மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போன ககுத்மி, அங்கே கச்சேரி முடியட்டும் என்று காத்திருந்த நேரத்தில் பூமியில் 27 சதுர்யுகம் கழிந்துவிட்டது என்கிறது பாகவதம். ஏன், எப்படி என்று ஒரு சொல் கிடையாது. பிரம்மா சிரிக்கிறார், அவ்வளவுதான். எனக்குப் பிடித்தது விஷ்ணு புராணம் சொல்லும் மிச்சக் கதை. பழைய யுகத்துப் பெண் என்பதால் ரேவதி தன்னை மணக்கும் பலராமனைவிட மிக உயரம், அவன் கலப்பை நுனியால் அவளைக் குள்ளமாக்கிக்கொள்கிறான். (ரேவதியிடம் யாரும் சம்மதம் கேட்டதாகத் தெரியவில்லை. இன்றைக்கு எழுதுகிறவர் கேட்டாக வேண்டும்.) யுகக்கணக்கு மறந்துபோனாலும் அந்த உயரம் மறக்காது.

உங்கள் நான்காம் உலகத்துக்கு வருகிறேன். காலம் குலைந்தது என்று வானத்தில் ஊதா மின்னல் காட்டுகிறீர்கள். அதைவிட, கணக்கு வைத்திருக்கும் மனிதர்களுக்குள் தகராறு மூட்டுங்கள். திருக்கணிதப் பஞ்சாங்கப்படி 2025 மார்ச் 29இல் சனி பெயர்ந்துவிட்டது, வாக்கியப் பஞ்சாங்கப்படி 2026இல்தான் என்று நம் ஊரிலேயே இரண்டு கட்சி ஆனதே. ஒரே சனி, ஒரே வானம், ஓராண்டு வித்தியாசம்! ஏழரை முடிந்ததா இல்லையா என்று தெரியாமல் எத்தனை பேர் விழித்தார்கள். போருக்குப் பிறகு அங்கே கடன் கொடுத்தவன் பத்து வருட வட்டி கேட்கிறான், வாங்கியவன் போன மாதம்தான் வாங்கினேன் என்கிறான், இருவரும் சொல்வது நிஜம். பஞ்சாயத்தார் என்ன தீர்ப்புச் சொல்வார்கள்? எனக்கு அந்த அத்தியாயம் வேண்டும்.

பின்னோக்கி ஓடும் ஊர்களை எடுத்துவிடுங்கள். பேச்சும் பின்னோக்கிப் போகுமா, தின்ற சோறு தட்டுக்குத் திரும்புமா என்று வாசகர் கேட்டுக்கொண்டே இருப்பார். தேங்கி நிற்கும் ஊர்கள் போதும்.

தங்கையைவிட இளையவளாகிவிட்ட அக்காவை நீங்கள் ஒரே பத்தியில் கடந்துபோயிருக்கிறீர்கள். கதையே அங்கேதானே இருக்கிறது! தங்கைக்கு நரை, மூட்டுவலி, பேரன். அக்காவுக்கு இருபத்திரண்டு. யார் காலில் யார் விழுவது? மூத்தவள் இருக்க இளையவளுக்குக் கல்யாணம் செய்தார்களே என்று அம்மா சாகும்வரை கேட்ட பேச்சுக்கு யார் பதில் சொல்வது? அப்பாவின் திதியை இந்த வீட்டுக் கணக்கில் வருடந்தோறும் கொடுத்து வந்தவள் தங்கை. மீனாவுக்கோ அப்பா இறந்த செய்தியே இன்றைக்குத்தான். இதற்கு முப்பது பக்கம் கொடுங்கள். போருக்கு மூன்று பக்கம் தாராளம்.


திருத்தி எழுதும்போது ஒரு பழைய டைரியில் அத்தியாயவாரியாக இரண்டே விஷயம் குறித்து வாருங்கள்: பெரம்பூரில் அன்று என்ன தேதி, மீனாவின் உடம்புக்கு என்ன வயது. இந்த இரண்டில் ஒன்றை உங்களாலேயே நிரப்ப முடியாத அத்தியாயங்களில்தான் தோழிகளுக்குத் தலை சுற்றியிருக்கும்.