22ஆம் எண்

அன்புள்ள ஐயா,

ஒரு வாரமாகப் பழைய பிரெஞ்சுப் படங்கள் பார்க்கிறேன். இயக்குநர் ழான் ரெனுவாரின் ‘ஆட்டத்தின் விதி’யில் பிரபுவாக வரும் மார்செல் தாலியோ என்னை உலுக்கிவிட்டார். அவருடைய மற்ற படங்களைத் தேடிப் போனால், மூன்றே வருடத்தில் ஹாலிவுட்டின் ‘காசாபிளாங்கா’வில் சூதாட்ட மேஜை ஊழியராக, டைட்டிலில் பெயர்கூட இல்லாமல் நிற்கிறார். போருக்குப் பிறகும் துண்டு துண்டு வேஷங்கள்தான். இப்படித் தோற்றுப்போன ஒரு கலைஞன் அப்புறமும் எப்படி நடித்தான்? நான் ஆறு வருடமாக ஒரு நாடகக் குழுவில் இருக்கிறேன். நாலு வசனத்துக்கு மேல் கிடைத்ததில்லை. தொடரலாமா? பிரெஞ்சு சினிமாவுக்கு ஒரு பட்டியலும் வேண்டும். சப்டைட்டிலோடு பார்த்தால் நடிப்பை முழுதாகப் பார்த்ததாகுமா?

க.

அன்புள்ள க.,

பட்டியல் தரமாட்டேன். தாலியோவைப் பிடித்திருக்கிறீர்கள், அவர் கூட்டிப்போகும் இடத்துக்கெல்லாம் போங்கள், போதும். சப்டைட்டில் கேள்வியையும் விட்டுவிடுங்கள்.

‘தோற்றுப்போன’ என்று எழுதிவிட்டீர்களே, அதற்காகத்தான் இந்தப் பதில். கொஞ்ச நாளாகவே இந்தச் சொல்லோடு மனசுக்குள் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறேன்.

1939இல் வந்த அந்தப் படத்தை நான் பார்த்தது கல்லூரி நாட்களில், ஒரு திரைப்படச் சங்கத்தில். பிரபு தான் வாங்கிய பிரம்மாண்டமான இசைப்பெட்டியை விருந்தினருக்குக் காட்டும் இடத்தில் ஃபிலிம் அறுந்தது. ஒட்டி, கொஞ்சம் பின்னாலிருந்து ஓட்டினார்கள். அதனால் அந்த முகம் எனக்கு இரண்டு முறை கிடைத்தது. கேமரா பெட்டியின் மேலிருக்கும் உருவங்களைத் தடவிக்கொண்டே வந்து அவரிடம் நிற்கிறது. பெருமை தாங்கவில்லை அவருக்கு. அந்தப் பெருமையை எல்லாரும் பார்க்கிறார்களே என்ற கூச்சமும் தாங்கவில்லை. இரண்டும் ஒரே சிரிப்பில். பிள்ளை பெற்றவன் முகம் அது.

அந்த முகம் பிரான்சில் பலருக்குப் பிடிக்கவில்லை. யூதன் பிரபு வேஷம் போடுவதா என்று வலதுசாரிகள் சீறினார்கள். படத்துக்குள்ளேயே அதற்குப் பதில் இருக்கிறது. வேலைக்காரர்கள் சாப்பிடும்போது, பிரபுவின் தாய்வழித் தாத்தா ரோசந்தால் என்ற யூதர் என்று வம்பளக்கிறார்கள். சமையல்காரர் மட்டும் அவருக்குப் பரிந்து பேசுகிறார்: உருளைக்கிழங்கு சாலட்டில் வெள்ளை ஒயினைக் கிழங்கு கொதிக்கிற சூட்டில் ஊற்றாததைக் கண்டுபிடித்தவர் பிரபுதானாம். நாக்கு உள்ள மனுஷன், அவ்வளவுதான்! இரண்டு வருடம் முன்பு ‘மாபெரும் மாயை’யில் தாலியோ ஏற்ற பாத்திரத்தின் பெயரும் ரோசந்தால்தான்.

அவருடைய இயற்பெயர் இஸ்ரேல் மோஷே பிளௌஷில்ட். 1940 ஜூனில், ஜெர்மன் படை பாரிஸுக்குள் நுழையுமுன், நடிகையான மனைவி மதலேன் லெபோவோடு ஊரைவிட்டுக் கிளம்பினார். லிஸ்பனிலிருந்து சிலி நாட்டு விசாவோடு கப்பல் ஏறினார்கள். மெக்சிகோவில் மாட்டிக்கொண்ட பிறகுதான் அது போலி விசா என்று தெரிந்தது. கனடாவின் தற்காலிகப் பாஸ்போர்ட் கிடைத்து அமெரிக்காவுக்குள் நுழைந்தார்கள். அதற்குள் பிரான்சில், யூதன் என்றால் இப்படித்தான் இருப்பான் என்று காட்ட, சுவரொட்டியில் அவருடைய படத்தையே போட்டிருந்தார்கள். அவருடைய பெற்றோர் நாஜி முகாம்களில் மாண்டார்கள்.

இதில் எங்கே ஐயா அவர் தோற்றார்? வழிப்பறிக்காரனிடம் எல்லாவற்றையும் பறிகொடுத்து வந்தவனைப் பார்த்து ‘பாவம், நொடித்துப்போய்விட்டான்’ என்று உச்சுக்கொட்டுகிற மாதிரி இருக்கிறது உங்கள் கடிதம். நடிகன் விழுந்தான் என்று சொல்லிவிட்டால், தள்ளியவன் சத்தமில்லாமல் கதையைவிட்டு வெளியே போய்விடுகிறான். அவனைப் போகவிடாதீர்கள்.

இப்போது ‘காசாபிளாங்கா’வைத் திரும்பப் போடுங்கள். பல்கேரியாவிலிருந்து தப்பி வந்த இளம் தம்பதி. விசா வாங்கக் காசில்லாமல் அந்தப் பையன், எண் போட்ட சக்கரம் சுழலும் ரூலெட் சூதாட்ட மேஜையில் தோற்றுக்கொண்டிருக்கிறான். விடுதி முதலாளி ரிக் வந்து, 22இல் வைத்துப் பார் என்கிறார். சக்கரத்தைச் சுற்றும் ஊழியர் எமில், அதாவது நம் தாலியோ, அதைக் கேட்டுக்கொள்கிறார். 22 விழுகிறது. பணத்தை அங்கேயே விடு என்கிறார் ரிக். மறுபடியும் 22. அப்புறம் முதலாளி, இன்று வசூல் எப்படி என்று கேட்க, நினைத்ததைவிட இரண்டாயிரம் குறைவு என்கிறார் எமில். முகத்தில் ஒன்றுமே இல்லை. கையில் போலி விசாவோடு கடல் தாண்டியவர் அவர். அகதிப் பெண் ஒருத்திக்கு விசாப் பணம் விழும்படி சக்கரத்தைச் சுற்றுகிறவரும் அவரே. அவர் கையை மட்டும் பாருங்கள். பிரபு வேஷத்தில் இருந்த அதே கவனம்தான். இதைத் துண்டு வேஷம் என்கிறீர்கள்.

போர் முடிந்து பாரிஸ் திரும்பினார். ரெனுவார் கைகொடுக்கும் முன்பும் காட்டிக்கொடுப்பவன், அயோக்கியன் வேஷங்கள்தான் கிடைத்துக்கொண்டிருந்தன. திரும்பி வந்தவருக்கும் அதையே நீட்டினார்கள். 1947இல் ரெனே கிளெமாங்கின் ‘சபிக்கப்பட்டவர்கள்’: தென்னமெரிக்காவுக்குத் தப்பிவரும் நாஜிகளின் கையாளாக வந்து, அவர்களாலேயே கொல்லப்படுகிறார். பெற்றோரை அவர்களிடம் பறிகொடுத்த மனிதருக்கு அந்த வேஷம்! அடுத்த வருடம் ஆன்ட்வெர்ப் துறைமுகக் கதை ஒன்றில், நடிகை சிமோன் சிஞ்ஞோரே ஏற்ற பெண்ணை விற்றுப் பிழைக்கும் தரகன். ஹாலிவுட்டிலும் ஒரு நீதிபதி, ஒரு கிழட்டுப் பிரபு என்று போய்வந்துகொண்டிருந்தார். 1973இல், எழுபதைத் தாண்டிய வயதில், ‘ரப்பி ஜாக்கப்’ என்ற நகைச்சுவைப் படம். நகைச்சுவை நடிகர் லூயி து ஃபுனே போலி ரப்பியாக, அதாவது யூத மதகுருவாக, அமர்க்களம் செய்ய, உண்மையான ரப்பியாக வருபவர் தாலியோ. அந்த வருடம் பிரான்சில் அதிகம் பேர் பார்த்த படம் அது. சுவரொட்டியில் இருந்த அதே முகம், தாடியோடு.

தொடரலாமா என்று என்னைக் கேட்காதீர்கள். ஆறு வருடம் போனவருக்கு ஏழாவது வருடம் போக என் அனுமதி எதற்கு? உங்களை யாரும் மேடையைவிட்டு விரட்டவில்லை. நாலு வசனம் கொடுத்திருக்கிறார்கள். அந்த நாலையும் எழுதி அனுப்பாமல், வருத்தத்தை மட்டும் எழுதி அனுப்பியிருக்கிறீர்கள். அடுத்த கடிதத்தில் வசனங்கள் வரட்டும். யாரைப் பார்த்துச் சொல்கிறீர்கள், சொல்லும்போது உங்கள் கை என்ன செய்கிறது என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.