ஒரு கூடை சங்கரா

கேள்வி: அறிவியல் கதைகளில் காலத்தை நிறுத்தும் கருவி வருகிறதே, அப்படி ஒன்று உங்கள் கையில் கிடைத்தால் ஒரு மணி நேரம் உலகத்தை நிறுத்திவைத்து என்ன செய்வீர்கள்?
– ஒரு வாசகர், தண்டையார்பேட்டை

பதில்: 'உலகத்தை நிறுத்திவைத்து' என்று எழுதிவிட்டீர்கள். நிறுத்திய பிறகு எதைப் பார்ப்பது? ஒளியும் உலகத்தில்தானே சேர்த்தி! அது நின்றுவிட்டால் கண்ணுக்கு ஒன்றும் வந்து சேராது. நிறுத்தியவன் கும்மிருட்டில் நிற்பான். காற்றும் நகராது, மூச்சு முட்டும். சரி, நிறுத்த வேண்டாம், மெதுவாக்கலாம். உலகத்தின் ஒரு நொடிக்குள் என்னுடைய ஒரு மணி நேரத்தை அடக்கிக்கொள்கிறேன் என்று வையுங்கள். மணிக்கு 5 கிலோமீட்டர் வேகத்தில் நான் கல்மண்டபம் கடைவீதியில் நடந்தால், கடைக்காரர் கணக்கில் அது மணிக்கு 18,000 கிலோமீட்டர். ஒலியின் வேகத்தைப்போல் 14 மடங்குக்கும் மேல். நான் போன வழியில் ஒரு கண்ணாடி தப்பாது, ஒரு பந்தல் நிற்காது. கதை எழுதுகிறவர்கள் நாயகனை மட்டும் ஹாயாக உலவ விட்டுவிட்டு, அந்தத் தெருவில் கடை வைத்திருப்பவரை மறந்துவிடுகிறார்கள். அவர்கள்மேல் எனக்கு நெடுநாள் கோபம்.

அடுத்து, 'ஒரு மணி நேரம்'. யாருடைய கடிகாரத்தில்? ராயபுரம் ரயில் நிலையம் 1856இல் திறக்கப்பட்டபோது இந்தியா முழுமைக்கும் ஒரே நேரம் என்பதே கிடையாது. இங்கே நடந்தது நுங்கம்பாக்கம் வானாய்வகம் கணித்த மதராஸ் நேரம். பிற்பாடு நாட்டின் ரயில்களே அதை வைத்து ஓடின. 1906இல் இந்தியத் திட்ட நேரம் வந்தபோது நம் கடிகாரங்களை ஏறக்குறைய 9 நிமிடம் முன்னே தள்ளினார்கள். சூரியன் இன்றும் பழைய கணக்கில்தான் இருக்கிறது: ராயபுரத்துக்கு உச்சிப்பொழுது சராசரியாக 12 மணி 9 நிமிடத்துக்கு. இதை நான் எழுதும்போதெல்லாம் 'பழம்பெருமை' என்று கடிதம் போடுகிறார்கள் சிலர். பெருமையா இது? ஊரே வாழாத 9 நிமிடம்! முள்ளை நகர்த்தும் உரிமை யாரிடம் இருக்கிறது என்று கேட்டுக்கொண்டேதான் இருப்பேன்.

பெரம்பூர் பின்னி ஆலைத் தொழிலாளர்களும் அதைத்தான் கேட்டார்கள். 1918 ஏப்ரல் 27இல் அங்கே சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தபோது, பகலுணவுக்கு விட்ட அரை மணி நேரம் போதவில்லை என்பதும் அவர்களுடைய முறையீடுகளில் ஒன்று. தறியை விட்டு வந்து, கை கழுவி, உண்டு, திரும்பி ஓட அரை மணி! நூறாண்டு கழித்து, 2023 ஏப்ரலில், 12 மணி நேர வேலைக்கு வழிவிடும் சட்டத்திருத்தம் நம் சட்டமன்றத்தில் நிறைவேறியது. எதிர்ப்பு எழுந்த பிறகே திரும்பப் பெற்றார்கள். உங்கள் கருவி ஓர் ஆலை முதலாளியின் கையில் இருந்தால் இந்தச் சட்டமும் தேவைப்படாது. வெளியே முள் நிற்கும், உள்ளே தறி ஓடும். பதிவேட்டில் எட்டு மணி நேரம் என்றிருக்கும். தொழிலாளியின் உடம்பு இருபது மணி நேரம் மூத்திருக்கும். இப்படிப்பட்ட கருவி வரவே வேண்டாம்.

காலத்தை மெதுவாக்கும் பொருள் ஒன்று காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் தினமும் லாரியில் வந்து இறங்குகிறது. ஐஸ் பார். வெயிலில் ஒரே நாளில் நாறிவிடும் மீன், உடைத்த ஐஸுக்குள் ஒரு வாரத்துக்கு மேல் தாங்கும். ஒரு கிலோ ஐஸ் உருகுவதற்குள் விழுங்கும் வெப்பம், உருகிய அந்த நீரையே 80 டிகிரி வரை சூடாக்கப் போதுமானது. படகு ஆழ்கடலில் நாள்கணக்காகத் தங்க முடிவது இதனால்தான். ஆனால் ஐஸுக்குக் காசு வேண்டும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, மீன்பிடித் தடைக்காலத்தின் 61 நாளும் விசைப்படகுகள் கட்டிக் கிடக்கின்றன. கடலில் மீன் பெருக அவகாசம் கிடைக்கிறது, நல்லதுதான். கரையில் வட்டி ஒரு நாள்கூட நிற்பதில்லை.

விடியுமுன் ஏலத்தில் ஒரு கூடை சங்கரா மீன் எடுத்துத் தெருத்தெருவாக விற்கும் பெண்ணை நினைத்துப் பாருங்கள். மேலே தூவிய ஐஸ் எட்டு மணிக்கே தண்ணீராகிவிடும். வாங்க வருகிறவர் செவுளைத் தூக்கிப் பார்த்தே மணி சொல்லிவிடுவார். வெயில் ஏற ஏற விலை இறங்கும். பதினோரு மணிக்குமேல் கேட்ட விலைக்குக் கொடுத்துவிட்டுப் போக வேண்டியதுதான். உங்கள் கருவி எனக்குக் கிடைத்தால் அந்த அம்மாவிடம் கொடுத்துவிடுவேன். உலகம் பாட்டுக்கு ஓடட்டும், அவர் கூடைக்குள் மட்டும் ஒரு மணி நேரம் நிற்கட்டும். அதற்குள் அவர் உங்கள் தெரு வரைக்கும் வந்துவிடுவார்.