வாசகர் கேள்வி – பதில்: கேட்டவர் உயிரைக் கொள்ளும் பாட்டு

கேள்வி: நான் எழுதிவரும் மாயப்புனைவு நாவலில் நீர்மறைநாடு என்றொரு கற்பனை நாடு வருகிறது. அந்நாட்டுக் கோயில் குருமார் மட்டும் அறிந்த 'இருள்வாழ்த்து' என்னும் ஓதலை முழுவதும் கேட்டவர் இறந்துவிடுவர். படித்துப் பார்த்தவர்கள் அச்சமே தோன்றவில்லை என்கிறார்கள். ஓதலின் வரிகளைப் பொருள் விளங்காத கடிய ஒலிகளால் மாற்றி எழுதலாமா?
(வாசகி, அம்பாசமுத்திரம்)

பதில்: மாற்ற வேண்டாம். 'ஹ்ரூம்', 'க்ராம்' என்று பக்கம் நிறைய எழுதினாலும் வாசகர் அதைக் கண்ணால் தாண்டிப் போய்விடுவார். 'நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப' என்பது தொல்காப்பியச் செய்யுளியல். ஆற்றலை ஒலியின் கடுமையில் வைக்காமல், சொல்பவரின் நிறைவிலும் ஆணையிலும் வைக்கிறது அந்த நூற்பா. அதற்கு உரையெழுதியவர்கள் எடுத்துக்காட்டாகத் தரும் நக்கீரர் வெண்பாக்கள் இரண்டும் உங்கள் நாவலுக்கு நேரடியாகப் பயன்படும். ஆரியம் நன்று, தமிழ் தீது என்று சொன்ன குயக்கோடன் என்பவனை முதல் வெண்பா சாகச் செய்கிறது. இரண்டாவது, மாண்டவனை எழுப்புகிறது. கொல்லும் வெண்பாவில் வசைச்சொல் ஒன்றுகூட இல்லை. பொதியில் எனப்படும் பொதிகை மலையின் முனிவரை வாழி என்று தொடங்கி, பரணரையும் கபிலரையும் வாழி என்று சொல்லி, குயக்கோடன் ஆனந்தம் சேரட்டும் என்று முடிகிறது. அருகில் நின்று கேட்பவனுக்கு அது வாழ்த்தாகவே படும். எனக்கு அச்சம் தருவதும் அதுதான். உயிர்ப்பிக்கும் வெண்பாவும் பொதியில் அகத்தியனாரின் ஆணையையே துணைக்கு அழைக்கிறது. உங்கள் ஊரிலிருந்து நிமிர்ந்து பார்த்தால் தெரியும் மலைத்தொடர்தான் அது என்பதால், கற்பனை நாட்டின் ஆணை எந்த மலையிலிருந்து, யாருடைய பெயரால் பிறக்கிறது என்பதை நீங்களும் முடிவு செய்துகொள்ளுங்கள். 'இருள்வாழ்த்து' என்று நல்ல பெயரை வைத்துவிட்டு வரிகளில் இருளை மட்டும் கொட்டியிருக்கிறீர்கள், வாழ்த்தை எழுதுங்கள்.

அடுத்து வேண்டுவது எல்லை. எந்நேரமும் எவரையும் கொல்லக்கூடிய பாட்டு கதைக்குள் வெறும் ஆயுதமாகிவிடும். நம் பக்கத்துக் கொடைவிழாவில் வில்லுப்பாட்டுப் புலவர் சாமியின் பிறப்பையும் வரத்தையும் கதையாகப் பாடிவந்து, உரிய இடத்தில் குடமும் உடுக்கும் விரைவுகொள்ளும்போதுதான் சாமியாடும் கோமரத்தாடியின் மேல் சாமி இறங்குகிறது. அதே பாட்டை வேறொரு நாளில் வீட்டுத் திண்ணையில் யாரும் அப்படிப் பாடுவதில்லை. சுடலைமாடன் நள்ளிரவில் மயான வேட்டைக்குப் புறப்படும்போது எதிரே வரக்கூடாது என்று ஊரார் வழியை விட்டு ஒதுங்குகிறார்கள். ஆபத்துக்கு ஒரு நேரமும் ஒரு தடமும் இருப்பதால், ஒதுங்கியவனுக்கு நிம்மதியும் தெரியாமல் எதிர்ப்பட்டவனுக்கு நடுக்கமும் உண்டாகின்றன. பாடுபவர் தரும் விலையும் உண்டு: மகுடம் என்னும் பறை முழங்கும் கணியான் கூத்தில், சடங்கின் ஒரு கட்டத்தில் கணியான் தன் உடலைக் கீறிக் குருதி தருவது வழக்கம். உங்கள் குருமாரோ நூறு பேரைக் கொன்றுவிட்டு அலுங்காமல் உணவுண்ணப் போகிறார்கள்.

கேள்வி: கேட்டவர் எல்லாரும் இறந்துவிட்டால், சீடர்கள் அந்த ஓதலை எவ்வாறு கற்றார்கள் என்று என் தங்கை கேட்கிறாள். இதற்கு என்ன விடை சொல்வது?
(அதே வாசகி)

பதில்: தங்கையின் கேள்வி சரியானது. முழுவதும் கேட்டால்தான் சாவு என்று நீங்களே எழுதியிருப்பதால், விடையும் அதிலேயே இருக்கிறது. வரிகளைத் தனித்தனிக் குடும்பங்களிடம் பிரித்துக் கொடுத்துவிடுங்கள். ஒரு குடும்பத்து வரியை இன்னொரு குடும்பம் அறியக்கூடாது. அப்போது ஒரு திருமண உறவுகூட நாட்டையே அச்சுறுத்தும் செய்தியாகும்.

நந்திக் கலம்பகம் பற்றிய கதையையும் நினைத்துப் பாருங்கள். ஒன்பதாம் நூற்றாண்டுப் பல்லவ அரசன் மூன்றாம் நந்திவர்மன்மேல் அறம் வைத்து, அதாவது பாட்டாலேயே அவன் உயிர் போகும்படி, பாடப்பட்டது அந்நூல் என்றும், இறுதிப் பாடலைக் கேட்டால் உயிர் போகும் என்று அறிந்தும் தமிழ்ச் சுவைக்காக அவன் எரியும் சிதையின்மேல் இருந்து கேட்டு மாண்டான் என்றும் சொல்வார்கள். இது வரலாறு அன்று, வழிவழி வந்த கதை. ஆனால் கதைக்கலையாகப் பார்த்தால் மிகக் கூர்மையானது, ஏனெனில் அங்கே அரசனை யாரும் கட்டிவைத்துக் கேட்கச் செய்யவில்லை. உங்கள் நாவலில் இறப்பவர் அனைவரும் கைதிகளாகவே இருக்கிறார்கள். பாதிப் பாட்டைக் கேட்டுவிட்டு மீதியைக் கேட்காமல் இருக்க முடியாத ஒருவரை ஓர் அத்தியாயத்திலாவது கொண்டுவாருங்கள்.

கேள்வி: செய்யுளின் தொடக்கத்தில் நச்செழுத்து வந்தால் பாட்டுடைத் தலைவனுக்குக் கேடு என்பார்களே, அதைக் கற்பனை உலகக் கதையில் பயன்படுத்தலாமா?
(வாசகர், வள்ளியூர்)

பதில்: தாராளமாகப் பயன்படுத்தலாம். பாட்டியல் என்னும் செய்யுள் இலக்கண நூல்கள் எழுத்துகளை அமுதம், நஞ்சு என்று பிரித்து, நூலின் முதற்சீரில் நஞ்செழுத்து வரக்கூடாது என்று விலக்கி வைத்தன. இதில் எனக்கு நம்பிக்கை இல்லை என்றாலும் கதைக்கு ஏற்ற விதி என்பதில் ஐயமில்லை. அரசனைப் புகழும் நூலின் முதல் எழுத்தை மட்டும் ஒரு புலவன் வேண்டுமென்றே மாற்றி வைக்கிறான். சபையே தலையாட்டி ரசிக்கிறது, இலக்கணம் கற்ற ஒரே ஒருவருக்கு மட்டும் அது விளங்கிவிடுகிறது என்று தொடங்குங்கள். ஒரு வேண்டுகோளும் உண்டு. கோயில்களில் இன்றும் சாமியை வரவழைக்கப் பாடப்படும் வரத்துப் பாடல்களின் வரிகளை அப்படியே எடுத்துக் கற்பனை நாட்டின் கொலைமந்திரமாக்கிவிடாதீர்கள். அவற்றைக் கேட்டுக் கைகூப்புகிறவர்கள் அடுத்த தெருவில் இருக்கிறார்கள். வடிவத்தைக் கற்றுக்கொண்டு, சொற்களை நீங்களே புனையுங்கள்.